போயிட்டு வர்றேனுங்க

மார்ச் 3, திங்கள். பெசேக்கு

காலையில் ரேடியோவில் செய்தி இல்லை, பேண்டு வாத்தியம் மட்டும் ஓடியது. நம்மூர்க் கல்யாண பேண்டு மாதிரி இல்லை, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடக்கிற பேண்டு. பாப்டிஸ்ட் டீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, "அக்கா, கவர்மெண்ட் போயிருச்சுங்க" என்றான்.

"எங்க போச்சு?"

"மிலிட்டரி புடிச்சிருச்சு. பிரசிடெண்ட்டு பிளேன் ஏறிட்டாராம். எங்க எறங்குவாருன்னு அவருக்கே தெரியலீங்களாம்."

பாப்டிஸ்ட் இந்தக் குராண்டி நாட்டுக்காரன். ஆறு வருஷமாக நம் போர்வெல் வண்டியில் வேலை செய்து தமிழ் பழகிவிட்டான், அதுவும் அசல் கொங்குத் தமிழ். பிரெஞ்சுக்காரன் அத்தனை காலம் ஆண்டு கற்றுக்கொடுத்ததைவிட நம் திருச்செங்கோட்டு ஆட்கள் சீக்கிரம் கற்றுக்கொடுத்துவிட்டார்கள். பாதி கெட்ட வார்த்தை.

எங்கள் ஊரில் தெருவுக்கு நாலு போர்வெல் வண்டி நிற்கும். போட்டி தாங்காமல் அவர்தான் ஒரு ரிக் வண்டியைக் கப்பலேற்றி இந்த நாட்டுக்கு அனுப்பினார். அவர் தவறிய பிறகு வண்டி என் பேருக்கு வந்தது. எப்படித்தான் ஓடுகிறது என்று ஒரு மாதம் இருந்து பார்க்க வந்தேன். "இந்த வயசுல ஆப்பிரிக்காவாம்மா?" என்று மகள் கவிப்பிரியா கேட்டாள். நாற்பத்தெட்டு ஒரு வயதா?

இங்கே வண்டியைப் பார்த்துக்கொள்கிறவன் பொங்கியண்ணன், இருபது வருஷமாக எங்களிடம் வேலை. பூமியைக் குடைகிற வேலையில் அவனை மிஞ்ச ஆளில்லை என்று அவர் சொல்வார். என்னைவிட ஒரு வயது மூத்தவன், கல்யாணம் ஆகாதவன், ஒவ்வொரு வார்த்தையையும் கடையில் நிறுத்து வாங்கி வந்தவன் போலப் பேசுவான். டிரைவர் அர்த்தநாரிக்குக் கல்யாணமாகி நாலு மாதம். ரேடியோவைக் கேட்டதும் அவன் அழுதான்.

"பொங்கியண்ணா, இப்ப என்ன பண்றது?" என்று கேட்டேன்.

"வண்டிக்கு கிரீஸ் அடிக்கோணுங்க அம்மிணி" என்றான். போய் அடிக்கவும் அடித்தான்.

மார்ச் 4, செவ்வாய்

ஜீப்பில் கேப்டன் தியாரா என்று ஒருவன் வந்தான். ஊரே தலைகீழாகக் கிடக்கும்போது சட்டை மடிப்புக் கலையாமல் இருக்கிற ஆளைப் பார்த்தால் எனக்கு ஆகாது. வந்ததும் ரிக் வண்டிச் சாவியைக் கேட்டான். "அது என்ற வண்டி" என்று எழுந்து நின்றேன். பாப்டிஸ்ட் அதைப் பிரெஞ்சில் சொன்னான். கொஞ்சம் தேன் தடவிச் சொல்லியிருப்பான், ஏனென்றால் கேப்டன் எனக்குச் சல்யூட் வைத்தான். சாவியை மட்டும் விடவில்லை.

"அக்கா, ஆத்தோரப் பம்ப் ஸ்டேஷனக் குண்டு வெச்சு ஒடச்சுட்டாங்களாம். மிலிட்டரி கேம்புல தண்ணியில்ல, ஆஸ்பத்திரியிலயும் தண்ணியில்ல. கேம்புக்குள்ள ஒரு போர் போட்டுத் தரோணுமாம்."

பொங்கியண்ணன் ராடு நுனியில் மாட்டுகிற பிட்டைக் கழற்றிக் கொண்டுவந்து கேப்டன் காலடியில் வைத்தான். பாறையைக் குத்துகிற குமிழ்கள் தேய்ந்து மொட்டையாகிவிட்டன. "இதை வெச்சுக் குத்துனாப் பாறை சிரிக்குமுங்க" என்றான். புதுப் பிட்டு எல்லை தாண்டி, கோர்வா ஊரில் ஏஜெண்டு குடோனில் கிடக்கிறது. போன மாதமே எடுத்துவர வேண்டியது.

கேப்டன் குனிந்து அதைத் தொட்டுப் பார்த்தான். வெளிநாட்டுக்காரர்கள் எல்லாரும் வியாழக்கிழமை எல்லை தாண்டிப் போய்விடலாம், கூடவே ஜீப் வரும், வண்டி மட்டும் கேம்பில் நிற்கும் என்றான். ஆளை விட்டான், அது போதும். வண்டியைப் பிறகு மீட்டுக்கொள்ளலாம் என்று நினைத்துக்கொண்டேன்.

மார்ச் 5, புதன்

ஏர்போர்ட் மூடியாயிற்று. நார்த்தங்காய் ஊறுகாயும் தீர்ந்தது. இரண்டில் எதற்காக அர்த்தநாரி இன்று அழுதான் என்று தெரியவில்லை.

மார்ச் 6, வியாழன். கோர்வா

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். எனக்கு வாய் கொஞ்சம் பெரிது, கெடுவதும் பெரிதாகத்தான் கெடும்.

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். எல்லைச் சாவடியில் ஏழெட்டு வண்டிகள் வரிசையாக நின்றன. இரண்டு பாதிரிமார், ரோடு போடுகிற சீனாக்காரர்கள், லெபனான்காரக் கடைக்காரர் குடும்பம், எங்கள் மூன்று பேரோடு, எங்களுக்காகப் பேச, பாப்டிஸ்ட். கேப்டன் ஒவ்வொரு வண்டியாக வந்து கைகொடுத்து அனுப்பினான். எல்லாரும் ஏதோ ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போனார்கள். எங்கள் முறை வந்தது. எத்தனை கெட்டவனானாலும் வாசல் வரை வந்து வழியனுப்புகிறவனிடம் சொல்லிக்கொள்ளாமல் கிளம்பினால் நன்றாகவா இருக்கும்? கையெடுத்துக் கும்பிட்டு, "போயிட்டு வர்றேனுங்க" என்றேன்.

பாப்டிஸ்ட் அதை அட்சரம் பிசகாமல் மொழிபெயர்த்தான்.

கேப்டன் முகம் மாறியது. ஏதோ கேட்டான். "எப்ப வர்றீங்கன்னு கேக்கறாருங்க" என்றான் பாப்டிஸ்ட். எனக்கு அப்போதும் புரியவில்லை. வீட்டுக்கு விருந்துக்கு வந்த ஒறம்பரை கிளம்பும்போது எப்ப வர்றீங்க என்று கேட்பதில்லையா, அந்த மாதிரி என்று நினைத்து, சிரித்துக்கொண்டே "சீக்கிரமே வர்றேனுங்க" என்றேன்.

கேப்டனும் சிரித்தான். வண்டிக் கதவைத் திறந்து பொங்கியண்ணனை இறங்கச் சொன்னான்.

"அக்கா, எங்க நாட்டுல ஒரு வழக்கம் இருக்குதுங்க" என்றான் பாப்டிஸ்ட். "திரும்பி வருவேன்னு ஒருத்தர் வாய்விட்டுச் சொன்னா, வர்ற வரைக்கும் ஒரு ஆளை விட்டுட்டுப் போகோணும். பிட்டோட கேம்புக்கு வாங்க, அடுத்த வியாழன் வரைக்கும் டைமுங்கறாரு."

"வர்லீன்னா?"

பாப்டிஸ்ட் கேட்கவில்லை. கேப்டனே என் முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்டு, சாவடிக்குப் பின்னாலிருந்த சுவரைக் காட்டினான். சுவரில் புதிதாகக் குழிகள் இருந்தன.

"அய்யோ, அது சும்மா சொல்றதுடா! நாங்க யாரும் போறேன்னு சொல்லமாட்டோம். போறேன்னு சொன்னா அபசகுனம். எழவு வீட்டுலதான் சொல்லாமப் போவோம். அதச் சொல்லு!"

"சொல்றேனுங்க. ஆனா இப்ப மாத்திப் பேசுனா, பொய் சொன்னீங்கன்னு ஆயிரும். பொய் சொன்னவங்களுக்கும் அதே சொவருதான்."

நான் கீழே இறங்கப் போனேன். அதற்குள் பொங்கியண்ணன் இறங்கிவிட்டான். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "நானிருக்கறனுங்க. அர்த்தநாரி இருந்தா அழுதே ஊரக் கெடுத்துருவான். நீங்க போயிட்டு வாங்க அம்மிணி" என்றான். அவனும் எல்லாரும் சொல்கிற வார்த்தையைத்தான் சொன்னான். எனக்குத்தான் நெஞ்சில் உலக்கை விழுந்த மாதிரி இருந்தது.

வண்டி நகர்ந்தது. திரும்பிப் பார்த்தபோது கேப்டனுக்கு அவன் பீடி கொடுத்துக்கொண்டிருந்தான்.

மார்ச் 7, வெள்ளி. கோர்வா

தூதரகத்துக்குப் போன் செய்தேன். பேசியவர் நல்ல மனிதர்தான். "சுலோச்சனா மேடம், நீங்க திரும்பிப் போகவே கூடாது. எங்க வழியில நாங்க பேசறோம்" என்றார். யாரோடு பேசுவீர்கள் என்று கேட்டேன். அங்கே யார் ஆட்சி என்று தெரிந்ததும் பேசுவார்களாம்.

லெபனான்காரர் விடுதியில் அடுத்த அறை. தன் கடை போய்விட்டது, கதவைக்கூடச் சாத்தாமல் வந்ததாகச் சொன்னார். "வேலைக்காரன்தானே அம்மா? இன்னொருத்தன் கிடைப்பான்" என்றார் அரைகுறை இங்கிலீஷில். அந்த ஆளுக்கு நான் பதில் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவரும் கொங்குத் தமிழ் கொஞ்சம் கற்றிருப்பார்.

வேலைக்காரன்தான், இல்லை என்று யார் சொன்னது? அவனிடம் குறை இல்லாமலும் இல்லை. ரசத்தில் புளியைக் கொட்டுவான். பத்து கேள்வி கேட்டால் ஒன்றுக்குப் பதில் சொல்வான். நான் வருவதற்கு முன் நாங்கள் தங்கிய கொட்டகைக்குப் பக்கத்தில் கேசிங் பைப்பை நட்டு, தகரம் அடைத்து, எனக்கென்று ஒரு குளியலறை கட்டி வைத்திருந்தான். உள்ளே தாழ்ப்பாள். கண்ணாடி மாட்ட ஆணி. அந்தத் தாழ்ப்பாள் மூன்று வாரமாகச் சிக்குகிறது, சரிபண்ணச் சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம். எண்ணெய் விட்டால் சரியாகிவிடும் என்று எனக்கும் தெரியும். நானே விட்டிருக்கலாம்.

வண்டிக்காகத்தான் இத்தனை கவலை. இன்றைக்கு அந்த மாதிரி ரிக் வாங்க முடியாது.

மார்ச் 8, சனி

ஏஜெண்டு குடோன் பூட்டிக் கிடந்தது. வாட்ச்மேன் திங்கள்கிழமை வா என்றான். குடோன் வாசலில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துகொண்டேன். மத்தியானம் முதலாளியே வந்து திறந்துவிட்டார். பிட்டு கிடைத்தது. தலைவலி.

மார்ச் 9, ஞாயிறு

பட்டாளம் இரண்டாகிவிட்டதாம். வடக்கே இருந்து ஒரு மேஜர் படையோடு பெசேக்குக்கு வருகிறான். கேப்டன் தியாராவின் ஆட்கள் பாலத்துக்கு இந்தப் பக்கம், அவர்கள் அந்தப் பக்கம். பொங்கியண்ணனும் வண்டியும் இருக்கிற கேம்ப் பாலத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. இன்று காலையிலிருந்து எல்லையிலும் போக்குவரத்து கிடையாது என்றார்கள். கருவாட்டு லாரிகள் மட்டும் போகின்றன, பட்டாளம் எதுவானாலும் தின்னத்தானே வேண்டும்.

தோற்கப்போகிறவன் பிணையாள்களை என்ன செய்வான் என்று பாப்டிஸ்டைக் கேட்டேன். அவன் பெண்டாட்டி பிள்ளைகளும் பெசேக்கில்தான் இருக்கிறார்கள். அவன் தரையைப் பார்த்தான். அவர் சாப்பிட்டாரோ என்னவோ. அவருக்குப் பசித்தாலும் கேட்கத் தெரியாது.

மேலே எழுதியதைப் படித்துப் பார்த்தேன். பொங்கியண்ணனைத்தான் அப்படி எழுதியிருக்கிறேன். பதற்றத்தில் பேனா தடுமாறிவிட்டது. இந்த நோட்டில் 'அவர்' என்றால் போய்ச் சேர்ந்தவர்தான். நாளையிலிருந்து ஒழுங்காக எழுத வேண்டும்.

மார்ச் 10, திங்கள்

அர்த்தநாரியை விமானம் ஏற்றிவிட்டேன். "நீங்களும் வாங்கம்மா, பொங்கியண்ணன் எப்பிடியாவது வந்துருவாரு" என்று காலைப் பிடிக்காத குறை. ஊருக்குப் போய்ப் பெண்டாட்டி முன்னாலாவது அழாமல் இருடா என்று சொல்லி அனுப்பினேன்.

கவிப்பிரியாவுக்குப் போன் போட்டேன். நாளைக்குப் பெசேக்குக்குப் போகிறேன் என்றேன்.

"அம்மா, வண்டிக்காகவா போறே?"

"வண்டிக்காகத்தான்."

"வண்டிக்கு இன்சூரன்ஸ் இருக்குதும்மா."

"உனக்கு எப்படித் தெரியும்?"

"அப்பா இருக்கறப்ப நாந்தான ரின்யூ பண்ணுவேன்."

லைன் சரியில்லை, கேட்கவில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். லைன் நன்றாகத்தான் இருந்தது.

பயமா என்றால், பயம்தான். ஆனால் பொங்கியண்ணன் அந்தச் சுவர் முன்னால் நிற்கிறான், நான் இங்கே விடுதியில் முட்டை தின்கிறேன் என்கிற நினைப்பு பயத்தைவிடப் பெரிதாக இருக்கிறது. என் வாயால் போனவன். என் காலால் போய்க் கூட்டிவருவேன்.

மார்ச் 11, செவ்வாய். வழியில்

கருவாட்டு லாரி. பாப்டிஸ்டும் நானும் மூட்டைகளுக்கு நடுவில். பிட்டை என் பழைய சுங்குடிச் சேலையில் சுற்றி மடியில் வைத்திருந்தேன். என்ன கனம்!

எல்லையில் யாரும் எங்களைக் கேட்கவில்லை, நாற்றத்துக்குப் பயந்துவிட்டார்கள். நடுவழியில் ஒரு மரத்தடிச் சாவடியில்தான் நிறுத்தினார்கள். எந்தப் பட்டாளம் என்று பாப்டிஸ்டுக்கும் தெரியவில்லை. ஒரு பொடியன் துப்பாக்கியோடு ஏறி, மடியில் என்ன என்றான். சேலையை விலக்கினேன். முள்ளு வைத்த இரும்புப் பலாக்காய் மாதிரி இருந்ததைப் பார்த்ததும் அவன் கத்தி, துப்பாக்கியை என் நெற்றிக்கு நேரே வைத்தான். பாப்டிஸ்ட் இரண்டு கையையும் தூக்கினான். ஆறு வருஷம் கற்ற தமிழும் பிறந்தது முதல் பேசிய பாஷையும் ஒன்றாகப் போய்விட்டது அவனுக்கு.

நான் கத்தினேன். பயத்தில் கத்தினேனா கோபத்திலா என்று கேட்டால், இரண்டும். "குண்டு இல்லடா மடையா! தண்ணி! தண்ணி எடுக்கற பிட்டுடா இது!" தமிழ் அவனுக்கு எப்படிப் புரியும்? தரையைக் காட்டினேன், குத்துவது போல நடித்தேன், வாயில் ஊற்றிக் குடிப்பது போலக் காட்டினேன். அவன் விரல் அசைவதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

கீழே நின்ற கிழட்டுச் சிப்பாய் எட்டிப் பார்த்தார். அவர் சொன்னதைக் கேட்டதும் பாப்டிஸ்டுக்கு மூச்சு வந்தது. "நீல வண்டிக்காரங்களான்னு கேக்கறாருங்க! அவரு ஊருல நாம போர் போட்டுருக்கறமாம். இன்னும் தண்ணி வருதாம்."

நம் வண்டி நீலம்தான். அந்தப் பெரியவர் பொடியன் தலையில் ஒரு தட்டுத் தட்டி இறக்கிவிட்டார். எனக்கு ஒரு மாம்பழம் கொடுத்தார். லாரி கிளம்பியது. மாம்பழத்தை உரிக்க முடியவில்லை, பாப்டிஸ்ட் உரித்துக் கொடுத்தான். இனிப்பாகவே இருந்தது.

மார்ச் 12, புதன். பெசேக்கு

பாலம் உடைந்து கிடந்தது. லாரிக்காரர் ஆற்றுக்கு இந்தப் பக்கமே எங்களை இறக்கிவிட்டார், நல்லவேளை கேம்பும் இந்தப் பக்கம்தான். வெயில் ஏறுவதற்குள் கேம்புக்கு நடந்துவிட்டோம். தூரத்தில் எங்கோ துப்பாக்கி வெடித்தபடி இருந்தது. கேம்ப் கேட் திறந்து கிடந்தது. காவலுக்கு ஆளில்லை, ஜீப் இல்லை, கொடிக்கம்பத்தில் கொடி இல்லை. பாப்டிஸ்ட் என்னை விட்டுவிட்டுத் தன் வீட்டுக்கு ஓடினான். ஓடட்டும், நானும் அவனிடத்தில் இருந்தால் அதைத்தான் செய்வேன்.

தனியாக உள்ளே போனேன். ஒவ்வொரு கொட்டகையாகப் பார்த்தேன். சுவர்களைத்தான் முதலில் பார்த்தேன் என்று எழுதிவிடுகிறேன். கடைசியில் மைதானத்துக் கோடியில் நம் நீல வண்டி நின்றது. அதன் நிழலில் மூன்று கல்லைக் கூட்டி, சட்டியில் எதையோ கிண்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"ஏப்பா!" என்றேன்.

திரும்பிப் பார்த்தார். எழுந்தார். "வாங்க அம்மிணி. ஊட்டுல எல்லாருஞ் சௌக்கியமுங்களா?" என்றார்.

எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. "கதவு தொறந்து கெடக்குது. காவலுக்கு ஒரு நாய்கூட இல்ல. நீ இங்க உக்காந்து சோறாக்கிட்டிருக்கற?"

"அவிங்க முந்தாநாளே ஓடிட்டாங்க."

"நீயும் ஓடறதுக்கென்ன கேடு? எல்லாரும் ஓடறப்ப ஓட வேண்டியதுதான?"

"நீங்க வர்றேன்னு சொல்லீட்டுப் போனீங்களே."

"அட கடவுளே! அது ஒரு பேச்சுக்குச் சொல்றது! உனக்குத் தெரியாதா?"

"தெரியுமுங்க" என்றார். சட்டியை இறக்கி வைத்தார். "பேச்சுக்குத்தான் சொன்னீங்க. ஆனாலும் நீங்க வந்துருவீங்கன்னு தெரியுமுங்க. வந்து பாத்து நானில்லீன்னா, அங்கயும் இங்கயும் தேடிக்கிட்டு அலைவீங்க. குண்டு வெடிக்கறதுல அலைய உட முடியுங்களா?"

அடுப்புப் புகை கண்ணில் பட்டது என்று எழுத உட்கார்ந்தேன். அடுப்பில் புகையே இல்லை. அழுதேன். கவியின் அப்பா போனதற்குப் பிறகு நாலு வருஷத்தில் இப்படி அழவில்லை. பொங்கியண்ணன் துண்டை நீட்டினார், கிரீஸ் வாடை. அதிலேயே துடைத்துக்கொண்டேன்.

"சோறு வெந்துதுங்களா?" என்று கேட்டேன். அவர் சட்டென்று நிமிர்ந்து என்னைப் பார்த்தார். என்ன பார்க்கிறார் என்று அப்போது புரியவில்லை. இருபது வருஷமாக நான் அவருக்கு 'ங்க' போட்டதில்லை.

மார்ச் 13, வியாழன்

பாப்டிஸ்ட் வீட்டில் எல்லாரும் பிழைத்திருக்கிறார்கள். காலையில் அவனே ஆஸ்பத்திரி டாக்டரம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்தான். பத்து நாளாகக் குட்டைத் தண்ணீரைக் காய்ச்சித்தான் பிரசவம் பார்த்திருக்கிறார்கள். அந்த அம்மா வண்டியைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

நியாயமாக அப்போதே நாங்கள் எல்லையைப் பார்த்து நடந்திருக்க வேண்டும். "பிட்டத்தான் தூக்கிட்டு வந்துட்டீங்களே அம்மிணி" என்றார் பொங்கியண்ணன். சரிதான், அத்தனை கனத்தைச் சும்மாவா சுமந்தேன்? ஆஸ்பத்திரி முற்றத்தில் வண்டியை நிறுத்தினோம். அவர் லீவரைப் பிடிக்க, பாப்டிஸ்ட் ராடு மாட்ட, முதலில் புழுதி, பிறகு பாறைத் தூள், மத்தியானம் தாண்டி ஈரம், அப்புறம் ஒரே அடியாகத் தண்ணீர் பீறிட்டது. வார்டுக்காரர்கள், கட்டுப் போட்டவர்கள், எல்லாரும் நனைந்தார்கள். டாக்டரம்மாவும் நனைந்தாள். நான் முழுக்க நனைந்தேன்.

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதை அதற்குப் பிறகுதான். தண்ணீர் சத்தம் கேட்டு வடக்கத்தி மேஜரே வந்துவிட்டான். முகம் கழுவினான், குடித்தான், பாராட்டினான். பிறகு உத்தரவு போட்டான். வெளிநாட்டுக்காரர்கள் குடும்பத்தோடு நாளைக்குப் போகலாம். இந்த டிரில்லர் மட்டும் போகக் கூடாது. இன்னும் எத்தனையோ கேம்புகளுக்குத் தண்ணீர் வேண்டும், சண்டை முடியும்வரை இவன் பட்டாளத்தோடு வருவான்.

பட்டாளத்தோடு போனவர் எந்த ஊரில் எந்தச் சுவரோரம் நிற்பார் என்று யார் கண்டது? பிட்டைச் சுமந்து வந்தவளும் நான்தான்.

பொங்கியண்ணன் ராடுகளைத் துடைத்து அடுக்கினார். "நாளைக்கு வெடியால நேரத்துல நீங்க கெளம்புங்க" என்றார். இந்த மனிதர் எப்போதும் என்னையே கிளம்பச் சொல்கிறார்.

மார்ச் 14, வெள்ளி

மேஜர் ஆஸ்பத்திரி வராந்தாவில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்தான். பொங்கியண்ணனையும் பாப்டிஸ்டையும் இழுத்துக்கொண்டு நேராகப் போய் நின்றேன்.

"சொல்லுடா. நான் தனியாப் போகமாட்டேன். இவரையும் கூட்டிட்டுத்தான் போவேன்னு சொல்லு."

மேஜர் சிரித்தான். பாப்டிஸ்ட் சொன்னான், "நீங்க வண்டிக்காகச் சண்டைக்குள்ளாற திரும்பி வந்த பொம்பளைன்னு கேள்விப்பட்டாராம். வண்டி வேணும்னா ஆளு இங்க இருந்து ஓட்டட்டுங்கறாரு. ரெண்டும் ஒண்ணாத்தான் இருக்கோணுமாம்."

"வண்டிய அவரையே வெச்சுக்கச் சொல்லு."

பொங்கியண்ணன் என் பக்கம் திரும்பினார். "அம்மிணி, அது நம்ம முதலாளி வாங்குன வண்டிங்க."

"எனக்குத் தெரியுமுங்க, நீங்க சும்மா இருங்க. பாப்டிஸ்ட், வண்டி இந்த ஆஸ்பத்திரிக்குன்னு சொல்லு. கேம்புக்கும் போர் போடட்டும், ஊருக்கும் போடட்டும். ஓட்டறதுக்கு ஆறு வருஷம் பழகுன ஆள் இருக்கறான், அவன் பேரு பாப்டிஸ்ட்டுன்னு சொல்லு."

"அக்கா, அத நானே என்ற வாயால எப்படிச் சொல்லுவேன்?"

"சொல்லுடா!"

சொன்னான். காது வரை சிவக்க முடிந்திருந்தால் சிவந்திருப்பான். மேஜர் பேனாவை வைத்துவிட்டு, முதல் தடவையாக என்னை ஒழுங்காகப் பார்த்தான். பொங்கியண்ணனைக் காட்டி ஏதோ கேட்டான்.

"குடும்பத்தோட மட்டுந்தான் போலாம்னு உத்தரவு. இவரு உங்களுக்கு யாருன்னு கேக்கறாருங்க" என்றான் பாப்டிஸ்ட். பிறகு குரலைத் தாழ்த்தி, "என்ன சொல்லட்டுமுங்க அக்கா?"

யோசிக்கவே இல்லை. யோசித்திருந்தால் ஊர், உறவு, ஓனர், டிரில்லர் என்று ஆயிரம் வந்திருக்கும்.

"எங்க வீட்டுக்காரருன்னு சொல்லு" என்றேன்.

பாப்டிஸ்ட் முகமெல்லாம் பல்லாக அதை மொழிபெயர்த்தான். அவன் பேசியதில் அது ஒன்றுதான் தேன் தடவாமலே இனித்திருக்கும். மேஜர் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, புருஷனுக்காக என்றால் சரி, இயந்திரத்துக்காக யாரும் இந்தச் சண்டைக்குள் வரமாட்டார்கள் என்று முதலிலேயே நினைத்தேன் என்றான். கையெழுத்துப் போட்டான்.

பாப்டிஸ்டைக் கட்டிக்கொண்டு அழுதேன். அவன் "பாத்துப் போங்க அக்கா, மாமா" என்றான். மாமாவாம்! எத்தனை சீக்கிரம் கற்றுக்கொள்கிறான்.

மார்ச் 15, சனி. கோர்வா

நேற்று ராத்திரி எல்லை தாண்டி விடுதிக்கு வந்து சேர்ந்தோம். காலையில் அவர் குளித்துவிட்டு வந்து, எதிரே உட்கார்ந்து, முட்டையைத் தின்றார். டீ குடித்தார். இன்னொரு டீ சொன்னார். கேட்கப்போகிறார் என்று தெரிந்தது. நானாக எடுத்துக்கொடுக்கவில்லை, இருபது வருஷம் பேசாமல் இருந்த மனிதர், தானாகவே பேசட்டும்.

"ஏனுங்க அம்மிணி" என்றார் கடைசியில், டம்ளரைப் பார்த்துக்கொண்டு. "அங்க ஒண்ணு சொன்னீங்களே. அது அந்த மேஜருக்கு மட்டுங்களா, நம்ம திருச்செங்கோட்டுக்குமுங்களா?"

"திருச்செங்கோட்டுக்கு முதல்லயே சொல்லியாச்சு. நீங்க குளிக்கப் போனப்பக் கவிக்குப் போன் போட்டேன்."

"கவி அம்மிணி என்ன சொல்லுச்சு?"

"வண்டிக்கு இன்சூரன்ஸ் கெடைக்குமான்னு பாக்கறாளாம். அப்புறம், இதச் சொல்ல உனக்கு இத்தன நாளாச்சான்னா."

அவர் ரொம்ப நேரம் சிரித்தார். அவர் பல் வரிசை இத்தனை அழகு என்று இன்றுதான் பார்த்தேன். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, பெரிய சிக்கல் ஒன்று பாக்கி இருக்கிற மாதிரி என் பக்கம் சாய்ந்தார்.

"அப்படீன்னா இனிமேலு என்னப் பேரச் சொல்லிக் கூப்புடாதீங்க" என்றார். "பேர்ல அண்ணன் இருக்குதுங்க."